தண்டால் நடுவர் தோன் எவாரிஸ்தோ அவர்களுக்கும் அவரது எலுமிச்சைக்கும்

சான் தெல்மோ துறைமுகத் தீயணைப்பு நிலையத்திலிருந்து இன்று ஓய்வுபெறும் தலைமை வீரரே! முப்பத்தோராண்டுகள் தீயின் முன் தளராது நின்றவரே! இருபத்தாறு தண்டால் போட்டிகளில் தரையோடு தரையாய்க் கன்னம் பதித்துக் கிடந்த நடுவரே! தோன் எவாரிஸ்தோ ஐயா அவர்களே, வணக்கம்!

நீங்கள் அணைத்த நெருப்புகளைப் பதிவேடு சொல்லும். பதிவேட்டில் இல்லாத ஒன்றை நாங்கள் சொல்கிறோம்.

தண்டாலுக்கு நம் ஊரில் பல்லி என்று பெயர். அந்தப் பல்லிக்குத் தண்ணீர் வைத்தவர் நீங்கள். சோடா மூடியில் ஓர் எலுமிச்சையை நிறுத்தி, போட்டியாளரின் நெஞ்சுக்கு நேர் கீழே வைப்பீர்கள். நெஞ்சு பழத்தைத் தொட்டால் பல்லி குடித்தது, கணக்கில் ஒன்று. தொடாவிட்டால் "தாகம்!" என்பீர்கள், அது கணக்கில் சேராது. பழம் நசுங்கினால் தாழ்ந்துவிடும் என்று இருபதுக்கொரு முறை புதுப்பழம் வைக்கும் விதியை எழுதியவரும் நீங்களே. மேயரின் மைத்துனருக்கே நான்கு முறை தாகம் சொன்ன நேர்மையாளரே!

சென்ற ஜூனில், மாநிலப் போட்டிக்குப் போகும் ஒரே இடத்துக்காக நம் நிலையத்து வீராங்கனை ஃபெர்மினாவும் கிரேன் ஓட்டும் நார்சிசோவும் மோதினார்கள். நார்சிசோ ஐம்பத்தெட்டு எடுத்தார். ஃபெர்மினா ஐம்பத்தேழில் இருக்கும்போது அடுத்தடுத்து மூன்று தாகம் சொன்னீர்கள். அவர் கை ஓய்ந்து விழுந்தார். கிரேன்காரர்கள் நார்சிசோவைத் தோளில் தூக்கிவிட்டார்கள்.

அப்போதுதான் மூடியிலிருந்த பழத்தைக் கையில் எடுத்தீர்கள். அது அப்பளமாயிருந்தது. நாற்பதில் மாற்ற மறந்திருந்தீர்கள்.

"நிறுத்துங்கய்யா! பல்லி மேல தப்பில்ல. தொட்டிதான் வத்திப்போச்சு. மறந்தது நான்."

"சொந்த ஸ்டேஷன் பொண்ணுன்னா தொட்டி வத்துமோ?" என்று கூட்டத்தில் ஒருவர் கத்தினார்.

"அப்ப அந்த மூணையும் சேத்துக்குங்க!" என்று நாங்களும் கத்தினோம். இன்று வெட்கத்தோடு ஒப்புக்கொள்கிறோம்.

"தொட்டதை நான் பாக்கல. பாக்காததை எப்படி எண்ணுவேன்? அடுத்த ஞாயிறு மறுபடி. விசிலை கிரேன் மேஸ்திரி வச்சுக்கட்டும். நான் பழம் மாத்துறேன்."

அந்த ஞாயிறு நார்சிசோ அறுபது எடுத்தார். ஃபெர்மினா ஐம்பத்தொன்பதை முடித்து, சமன்செய்ய இன்னொரு முறை இறங்கி எழுந்தார். மேஸ்திரிக்குச் சரியாகத் தெரியவில்லை. விசிலை வாயில் வைத்தபடி, பழத்தருகே குந்தியிருந்த உங்களைப் பார்த்தார். 'குடித்தது' என்ற ஒரு வார்த்தையில் உங்கள் பழைய தவறு சரியாகியிருக்கும்.

"தாகம்," என்றீர்கள், மெதுவாக.

தரையில் முகம் புதைத்தபடியே ஃபெர்மினா சிரித்தார். "ஆமா ஐயா, தொடல. எனக்கே தெரிஞ்சுது."

மாநிலப் போட்டிக்கான இடத்தை வென்ற நார்சிசோதான் அவரைக் கைகொடுத்துத் தூக்கினார்.

ஐயா, இனி உங்கள் காலைகள் காப்பியோடு மெல்ல விடியட்டும்; முழங்கால் வலி விலகட்டும்; மூச்சு சீராக, உடல் நலமாக நெடுங்காலம் வாழுங்கள்! உங்கள் ஆயுளை எண்ணுகிறவர் ஒரு முறைகூடத் தாகம் சொல்லாதிருக்கட்டும்!

கடைசியாக ஒரு வேண்டுகோள். உங்கள் மேசைக் கண்ணாடிக்கடியில், கல்லாகக் காய்ந்து கிடக்கிறதே அந்த நசுங்கிய எலுமிச்சை, அதை மட்டும் வீட்டுக்கு எடுத்துச் செல்ல வேண்டாம். நடுவர் விசில் இனி ஃபெர்மினாவிடம். பழம் அவர் கண்ணெதிரில் இருக்கட்டும்.

அன்புடன்,
நிலையத்தின் பதினான்கு வீரர்களும் சமையலறையாரும்