பதினேழாவது செய்தி

பசித்த பிள்ளைகளுக்குப் பாடம் ஏறாது. அதனால் திங்கட்கிழமை வகுப்புக்கு வறுத்த தோஃபு வாங்கிப் போவேன். பச்சை மிளகாயைக் கடித்துக்கொண்டே கணக்குப் போடுவார்கள். இந்தோனேசியாவில், செமாராங் நகரத்துப் பல்கலைக்கழகத்தில் பத்தொன்பது வருஷமாகக் கணினிப் பாதுகாப்பு கற்பிக்கிறேன். செய்தியைப் பூட்டுவதும், பூட்டியதை உடைத்துப் பார்ப்பதும்தான் எங்கள் பாடம்.

வீட்டுப்பாடமாக ஆளுக்கொரு பூட்டிய செய்தி கொடுப்பேன். ஒவ்வொன்றும் வேறு, பார்த்தெழுத வழியில்லை. முன்பெல்லாம் நானே இட்டுக்கட்டுவேன். பிள்ளைகள் பாதியிலேயே ஊகித்துவிடுவார்கள். நிஜமானதில்தான் கை பழகும்.

இந்த வருஷம் காவல்துறை அதிகாரி ஒருவர் என்னைப் பார்க்க வந்தார். மரியாதையான மனிதர். கடல் மணல் அள்ளுவதை எதிர்த்த மீனவர்கள் தங்களுக்குள் அனுப்பிய செய்திகள் நாற்பது வைத்திருந்தார். மட்டமான செயலி, மட்டமான பூட்டு. உடைக்க அவரிடம் ஆளில்லை. என்னிடம் நாற்பது பிள்ளைகள் இருந்தார்கள்.

வருகைப் பதிவேட்டு வரிசையில்தான் கொடுத்தேன். பதினேழாவது, நிங்ரும் என்ற மீனவக் குடும்பத்துப் பெண்ணுக்குப் போனது. வகுப்பிலேயே கூர்மையானவள். இரண்டே நாளில் என் அறைக்கு வந்துவிட்டாள். விடைத்தாளை நீட்டாமல் மார்போடு பிடித்திருந்தாள்.

"பாக், இது நிஜமா யாராவது எழுதினதா?" என்றாள். எங்கள் ஊரில் ஆசிரியரை அப்பா என்றுதான் கூப்பிடுவார்கள். பாக் என்றால் அதுதான்.

ஏன் என்று கேட்டேன். எழுதியவன் ஒளிந்திருக்கும் இடம் அதில் இருக்கிறதாம். கடைசியில், கருவாட்டுத் திருடியிடம் நான் நன்றாக இருப்பதாகச் சொல் என்று முடிகிறதாம்.

"எங்க அண்ணன் தமார் மட்டுந்தான் என்னை அப்படிக் கூப்பிடுவான். அவன் ஓடிப்போய் மூணு வாரம் ஆச்சு. அம்மாவுக்கே எங்கன்னு தெரியாது."

"நான் எழுதினதும்மா. உங்க கரையில பாதிப் பொண்ணுங்க கருவாட்டுத் திருடிங்கதானே."

கண்ணைத் துடைத்துக்கொண்டு சிரித்தாள். "போங்க பாக். உயிரே போச்சு எனக்கு. கதை கட்ட உங்களை விட்டா ஆளில்ல," என்று தாளை மேசையில் வைத்துவிட்டுப் போனாள்.

ஊர், சந்து, வீட்டு எண் எல்லாம் பிழையில்லாமல் இருந்தன. மதியச் சாப்பாட்டுக்கு முன்பே அதிகாரிக்கு அனுப்பிவிட்டேன். மற்ற முப்பத்தொன்பதில் அவருக்கு உதவும்படி ஒன்றுமில்லை.

ஆறாம் நாள் இறால் பண்ணைக் குட்டையிலிருந்து தமாரின் உடலை எடுத்தார்கள்.

இப்படி ஆகும் என்று எனக்குத் தெரியுமா என்று கேட்கிறீர்கள். தெரியும். போன வருஷம் இதே அதிகாரிக்கு இரண்டு பேருடைய இடத்தை அப்போதைய வகுப்பைக் கொண்டு கண்டுபிடித்துக் கொடுத்தேன். அவர்களும் வீடு திரும்பவில்லை. நிங்ரும் அழுதுகொண்டு நின்றபோதும் அது என் நினைவில் இருந்தது.

அவள் அதன்பிறகு வகுப்புக்கு வரவில்லை. பாதியில் நின்றவர்களுக்கு மதிப்பெண் போடக்கூடாது என்பது பல்கலைக்கழக விதி. இருந்தாலும் நான் அவளுக்கு நூற்றுக்கு நூறு போட்டேன். பிள்ளைகள் விஷயத்தில் நான் ஒருநாளும் அநியாயம் செய்ததில்லை.