தடை ஆருக்கு?

ஆவணி மாதத்து முதல் செவ்வாய். வழக்கம்போல யாழ்ப்பாணத்தில் அம்மாவின் மருந்தை வாங்கிக்கொண்டு, ஊர்காவற்றுறை பஸ்ஸில் ஜன்னலோரம் இருந்தேன். முன் இருக்கையில் சுருவிலைச் சேர்ந்த இருவர் நீதிமன்றத்திலிருந்து திரும்பிக்கொண்டிருந்தார்கள்: நடுத்தர வயதுப் பெண் ஒருவர், அவரிலும் மூத்த ஆண் ஒருவர். பண்ணைப் பாலத்தில் பஸ் ஏறியபோது அந்தப் பெண் சொன்னார்:

“அண்ணை, நாங்கள் பொங்கிப் படைச்சது நண்டுக் கொம்பனிக்குத்தான்.”

“என்ன விசர்க் கதை கதைக்கிறீர்?”

“இடைக்காலத் தடை வந்திட்டுதெண்டு போன கிழமை வைரவருக்குப் பொங்கினமெல்லோ? நீங்கள் வெளியிலை நிக்கேக்கை லோயர் சொன்னவர், தடை கொம்பனிக்கு இல்லையாம். கொம்பனியைப் பூட்டச் சொன்ன பிரதேச சபைக்காம்.”

“அனுமதியும் எடுக்காமல், நண்டு அவிச்ச தண்ணியை நிலத்துக்குள்ளை விடுறவன் சட்டத்துக்கு அடங்கத் தேவையில்லையோ?”

“அடங்கத்தான் வேணுமாம். அனுமதி எடுக்க வேண்டாமெண்டு கோர்ட்டு சொல்லேல்லையாம். ஆனால் வழக்கு முடியுமட்டும் பூட்ட ஏலாதாம்.”

“அப்ப எங்கட கிணறு?”

“அதைப் பற்றி உத்தரவிலை ஒண்டும் இல்லை. பிள்ளையள் மூக்கைப் பொத்திக்கொண்டுதான் குளிக்குதுகள்.”

“இடைக்காலமெண்டால் எவ்வளவு காலம்?”

“நானும் லோயரிட்டைக் கேட்டனான். அவர் சிரிச்சவர், அண்ணை.”

“வைரவரும் சிரிச்சிருப்பார்.”

நான் மண்கும்பானில் இறங்கினேன்.

மறுநாள் விடிந்ததும், முதல் வேலையாக எங்கள் கிணற்றில் ஒரு வாளி தண்ணீர் அள்ளி முகர்ந்து பார்த்தேன்.