மூன்றாவது அழைப்புக்கு முன்

மேடையில் அமர்ந்திருக்கும் நீதிபதி ஐயா அவர்களே, வழக்கறிஞர் சங்கத் தலைவர் அவர்களே, நாற்காலி கிடைக்காமல் சுவரோரம் நிற்கும் குமாஸ்தாக்களே, முன்வரிசையில் இருக்கும் அண்ணி அவர்களே! கனத்த நெஞ்சோடு வணங்குகிறேன்.

நம் அண்ணன் போய் ஒரு வாரம் ஆகிறது. அவர் போட்ட மனு தள்ளுபடியாகி இருபத்தொரு நாள் ஆகிறது. அதை மறுபடி கோப்பில் எடுக்கச் சட்டம் தந்திருப்பது முப்பது நாள். மிச்சம் ஒன்பதே நாள். அழுவதற்கு எனக்கு நேரமில்லை, மன்னியுங்கள்.

முப்பத்தொரு ஆண்டுகள் நீதிமன்ற வாசலில் நின்று பெயர் கூப்பிட்ட டவாலி அவர். மூன்று முறை கூப்பிட்டும் மனுதாரர் வராவிட்டால் மனு தள்ளுபடி. இரண்டாவது அழைப்புக்கும் மூன்றாவது அழைப்புக்கும் நடுவே அண்ணன் என்ன செய்வார்? படியில் இறங்கி ஓடுவார்! அதனால்தானே அவருக்கு ‘மூணாங்குரல்’ என்று பெயர் வைத்தோம்?

மகளைத் தன்னிடம் ஒப்படைக்கக் கேட்டு ஒரு தாய் வந்திருந்தார். பெயர் கூப்பிட்ட நேரத்தில் அவர் நின்றது ஜெராக்ஸ் கடை வரிசையில். “அம்மா, ஜெராக்ஸ் எங்கேயும் போயிடாது, ஓடியாங்க!” என்று கையோடு கூட்டிக்கொண்டு வந்தார் அண்ணன். நீதிபதி முறைத்தார். “மூணாவது தடவை கூப்பிட இவ்வளவு நேரமாய்யா?”

“தொண்டை கட்டிக்கிச்சுங்கய்யா.”

நீதிமன்றமே சிரித்தது. அந்த மகள் இன்று தாயோடு இருக்கிறாள்.

அப்பேர்ப்பட்டவரின் மனு ஏன் தள்ளுபடியானது? சொல்கிறேன். கேட்க நன்றாக இருக்காது.

அவர் வீட்டுக்குப் போகும் ஒரே பாதையைப் பக்கத்து மனைக்காரர் சுவர் எழுப்பி அடைத்தார். ஓர் ஆள் ஒருக்களித்து நுழையும் சந்துதான் மிச்சம். பாதையைத் திறந்துவிடக் கேட்டு அண்ணன் மனுப் போட்டார். அவருக்கு வக்கீல் நான். மனு ஐந்தாம் நீதிமன்றத்தில் விசாரணைக்கு வந்த அன்று அவருக்கு இரண்டாம் நீதிமன்றத்தில் வேலை. அங்கே ஊரார் பெயரையெல்லாம் கூப்பிட்டுக்கொண்டிருந்தார். நான் எங்கே இருந்தேன்? கேன்டீனில்! நம் வழக்கு வந்தால் அண்ணன் வந்து கூப்பிடுவார் என்ற தைரியத்தில் டீ குடித்துக்கொண்டிருந்தேன். அவர் வழக்குக்கு அவரே வந்து என்னைக் கூப்பிட முடியாது என்பது என் மரமண்டைக்கு உறைக்கவில்லை. மாடியில் ஐந்தாம் நீதிமன்றத்தில் மூன்று அழைப்பும் முடிந்துவிட்டது. சிரிக்காதீர்கள், இங்கே பாதிப்பேர் அப்படித்தான் பிழைத்தோம்.

வெட்கத்தோடு போய்ச் சொன்னேன். “விடுங்க சார், முப்பது நாள் இருக்குல்ல, பார்த்துக்கலாம்” என்றார். நானும் பார்த்துக்கொள்ளலாம் என்றே இருந்துவிட்டேன்.

பதினான்காம் நாள் அவருக்கு நெஞ்சுவலி. அண்ணி நேற்று என்னிடம் சொன்னார்: “ஆம்புலன்ஸ் தெருமுனையிலயே நின்னுடுச்சு தம்பி. ஸ்ட்ரெச்சர் சந்துல நுழையல. ரெண்டு பேரு தோளைப் பிடிச்சு, ஒருக்களிச்சுத்தான் கொண்டு வந்தோம். அந்தப் பாதை மட்டும் தெறந்திருந்தா...”

வழக்கை மறுபடி கோப்பில் எடுக்கக் கேட்கும் மனுவை நேற்றிரவே எழுதி முடித்தேன்.

வழக்கின் நியாயத்தை இந்த மேடையில் பேசமாட்டேன்; நீதிபதி ஐயா இருக்கிறார், எனக்கும் முறை தெரியும். ஆனால் தவறு யாருடையது என்று பேசலாம் அல்லவா? என்னுடையது. நாளை தாக்கலாகும் அந்த மனுவில் ‘மனுதாரர் வராததற்குக் காரணம்’ என்ற இடத்தில் அதையே எழுதியிருக்கிறேன். வக்கீலுக்குக் காய்ச்சல், வண்டி பஞ்சர் என்று நாம் வழக்கமாக அளக்கும் கதை எதுவும் அதில் இல்லை.

நண்பர்களே! இனி ஒவ்வொரு நீதிமன்ற வாசலிலும் நம்மில் ஒருவர் முறைவைத்து நிற்போம். வராத மனுதாரரைத் தேடிப் படியிறங்குவோம். பட்டியல் போட்டாயிற்று. முதல் வாரம் என் முறை. எனக்கு முழங்கால் வலி உண்டு, அதனாலென்ன?

அஞ்சலி தீர்மானத்தைத் தலைவர் வாசிப்பார். அதற்கு முன் ஒரு வேலை பாக்கி. அண்ணனின் வாரிசாக வழக்கை நடத்த வேண்டியவர் அண்ணி. வக்கீலை நியமிக்கும் வக்காலத்து இதோ இந்த மேஜையில் இருக்கிறது. அண்ணி, என்னை நம்ப மனம் வராவிட்டால் இந்த அவையில் யார் பெயரை வேண்டுமானாலும் எழுதச் சொல்லுங்கள். அந்த வக்கீலுக்கு வழக்குக் கட்டைத் தூக்கிக்கொண்டு நான் பின்னால் வருகிறேன்.

எழுந்து வாருங்கள், அண்ணி. கையெழுத்துப் போடுங்கள்.