அக்காவின் சவுரி

இலங்கை மலைநாட்டு ஹட்டனிலிருந்து இறங்கும் ரயிலில் என் எதிரே இருந்த கல்யாணப் பெண், "சவுரிய நான் பின்னலைங்க அத்தை, அதுவா பின்னிக்கிச்சு" என்றாள். கப்பலேறித் திருச்சிக்குப் போய், அங்கே நடக்கும் கல்யாணத்தில் அவளுக்கு அலங்காரம் செய்யப் போகிறவர் பக்கத்தில் இருந்த அந்த அத்தைதான்.

"செத்துப்போன ஒங்கக்கா முடியா அது?"

"ஆமாங்க. காய்ச்சல்ல கெடந்தப்ப வெட்டுனது. அவளுக்குப் பேசுன மாப்பிள்ளைக்குத்தானே இப்ப என்னயக் குடுக்குறாங்க."

"ஆத்துல போட்டுற வேண்டியதுதானே?"

"போட்டேன். விடிஞ்சு பாத்தா ஈரமா என் தலமாட்டுல கெடக்கு."

வட்டவளை ஸ்டேஷன் தாண்டியதும் அத்தை, "வேற சவுரி வாங்கிக்கலாம். அத நான் தொட மாட்டேன்" என்றார்.

"அதையே வச்சுக் கட்டுங்க அத்தை. அவளும் வரட்டும். அங்க எனக்கு யாரையும் தெரியாது."