கோதண்டராமன் பேனருக்கு ஒரு முகம்

கிட்ட வந்து உட்காருங்கள் கண்ணுங்களா, சிரிக்க ஒன்று சொல்கிறேன். எங்கள் தங்கச் சுரங்க ஊர் நந்திதுர்க்கைச் சேர்ந்த கோதண்டராமன் முப்பது வருஷமாகப் பெங்களூரில் டி.வி. கேமராமேன். அவர் படித்த பள்ளிக்கூடத்தில் அவருக்குப் பாராட்டு விழா வைத்தார்கள். முந்தின நாள் மத்தியானம், பேனர் கடை நாகேஷிடம் கோதண்டராமனின் அக்கா அம்சவேணி போனில் பேசியது இது.

"ஹலோ... சொல்லு நாகேஷ், அக்காதான். பேனர் ஆச்சா?... ஆச்சா, அப்பாடா. கோதண்டத்தைப் போட்டோ எடுத்துப் போட்டியா?... இன்னாத்துக்கு இழுக்கற?... ஆமா, ஆமா, வீட்டுல அவன் போட்டோ ஒண்ணுகூட இல்லைன்னுதானே உன் கடைக்கே அனுப்பிச்சேன்... அவன் கல்யாண ஆல்பமா? அதைக் கேக்காத. லைட்டு சரியில்லைன்னு தாலி கட்டின கையோட எழுந்து போய் கேமராவை வாங்கிட்டான். ஆல்பம் பூரா அவன் பொண்டாட்டி இந்து மட்டும் தனியா உக்காந்துனு கீறா...

"சீரியல் மட்டுமா? சமையல், நியூஸ், கபடி, சாமி ஊர்வலம், எல்லாம் எடுத்தவன். நம்ம சுரங்கத்துல கழிச்சுக் கொட்டின சைனைடு மண்மேட்டுல ஒட்டகத்தை நிக்கவெச்சு ராஜஸ்தான்னு காட்டினான், நானே நம்பிட்டேன்... சிரிக்காத. எங்க லைன் வீட்டு ஜனம், 'உன் புள்ள டி.வி.ல கீறான்னியே, ஒரு நாளும் காணோமே'ன்னு அம்மாவைக் கேக்குது. நாளைக்குப் பேனரைப் பாருங்கடின்னு அம்மா நாலு வீட்டுக்குச் சொல்லி வெச்சுக்கீது... சரி, மூஞ்சி நல்லா விழுந்துக்கீதா?... விழுந்துக்கீது... யாரு மூஞ்சி?

"...உன் மூஞ்சியா?

"இரு, இரு. மெதுவா சொல்லு... ஸ்டூல்ல உக்காந்தான். சரி... உன் லைட்டு சரியில்லைன்னான். ம்... உன்னை உக்காரவெச்சு, தாடையைத் திருப்பி, கேமராவை அவனே... ஐயோ கடவுளே... உன் கடை கம்ப்யூட்டர்ல வேலை செய்யற பொண்ணு வின்னி கடைசிப் படத்தை எடுத்து அடிச்சிட்டாளா...

"அவன் எங்க?... ரயில் ஏறிட்டானா. ஆமா, சாயந்திரம் ஷூட்டிங். காலைல நேரா மேடைக்குத்தான் வருவான்... கத்தலைப்பா, யோசிக்கறேன்...

"படம் எப்பிடி கீது?... வெக்கப்படாத, சொல்லு... உன் பொண்டாட்டியே 'யாரு இந்த லட்சணமான ஆளு'ன்னாளா?

"அப்போ மாத்தாத. உன் மூஞ்சி இருக்கட்டும். கீழே, 'இந்தப் படத்தை எடுத்தவர் கோதண்டராமன்'னு ஒரு துண்டு அடிச்சு ஒட்டு... இன்னும் பெருசா. உன் தலையை விடப் பெருசா... டி.வி.ல அவன் பேரு ஓடிடும்பா, அம்மா எழுத்துக் கூட்டறதுக்குள்ள காணாப்போயிடும். இது ஓடாது. நாலு வீட்டுக்கும் நின்னு படிச்சுக் காட்டட்டும்... ஆமா, ஆமா. நாளைக்கு நீ மட்டும் மேடைப் பக்கம் வந்துடாத, உனக்கு மாலை போட்டுடுவாங்க. வெக்கறேன்."

உங்கள் வீட்டுக் கல்யாணப் படத்தில் எல்லோரும் இருக்க வேண்டும் கண்ணுங்களா, எடுத்தவரும் சேர்த்து. நன்றாக இருங்கள்.