பயனாளி பேனலின் அருகே நிற்க வேண்டும்

எனக்கு வெயில் ஒத்துக்கொள்ளாது. கொஞ்ச நேரம் தலையில் பட்டால் போதும், பொழுது சாயும் வரை மண்டை விண்விண்ணென்று தெறிக்கும். அப்படிப்பட்டவன் வெயிலை விற்கிற வேலைக்கு வந்து சேர்ந்தேன் பாருங்கள், இதைச் சொல்லிச் சொல்லி என் மனைவி சிரிப்பாள். தலையில் தொப்பி, கழுத்தில் ஈரத்துண்டு, கையில் தண்ணீர் பாட்டில் இல்லாமல் நான் எந்த மொட்டை மாடியிலும் கால் வைத்ததில்லை. எழுதிக்கொள்ளுங்கள், நான் ஜாக்கிரதையான ஆள்.

என் வேலை இதுதான். வீட்டு மாடியில் சோலார் பேனல் பொருத்தினால் மாநில அரசு மானியம் தருகிறது. வீட்டுக்காரருக்குக் கொஞ்சம், பொருத்திக் கொடுக்கும் கம்பெனிக்குக் கொஞ்சம். கம்பெனி சார்பில் நான் மேற்பார்வை. என் சொந்தப் பெயர் மறந்துபோய், ஊரில் எல்லோருக்கும் நான் 'மானியம்' ஆகிவிட்டேன். வாசலில் வண்டி நின்றால், குழந்தைகள் "மானியம் மாமா வந்திருக்காரு" என்று உள்ளே குரல் கொடுக்கும். அதில் எனக்குப் பெருமைதான்.

அரசாங்கம் மனிதர்களை நம்பாது, படத்தை நம்பும். விதி எளிமையானது. பேனல் மாடியில் இருக்க வேண்டும், பயனாளி பேனலின் அருகே நிற்க வேண்டும், அந்த மாடியில் எடுத்த படம்தான் என்று செயலி ஒத்துக்கொள்ள வேண்டும். பிறகு பயனாளியின் போனுக்கு ஓர் எண் வரும். அதைத் தட்டினால் விண்ணப்பம் மேலே போய்விடும். படம் எடுத்து முடித்த பிறகும் பேனல் அங்கேயே இருக்க வேண்டும் என்று விதியில் எங்கேயும் இல்லை. நான் தேடிப் பார்த்துவிட்டேன்.

கம்பெனியிடம் இருந்ததோ ஒரே ஒரு வீட்டுக்கான பேனல். மிச்சமெல்லாம் கப்பலில் வருகிறது என்று முதலாளி சொன்னார். அந்தக் கப்பல் எந்தக் கடலில் வந்துகொண்டிருந்ததோ தெரியாது, ஆனால் திட்டம் மாதக் கடைசியில் மூடிவிடும். ஆகவே ஒரே சட்டையை வீட்டிலுள்ள எல்லோரும் மாற்றி மாற்றிப் போட்டுப் படம் பிடித்துக்கொள்கிற மாதிரி வேலை நடந்தது. காலையில் ஒரு மாடி. வீட்டுக்காரரை நிற்கவைத்துப் படம். "சோதனைக்கு எடுத்துட்டுப் போறோம், திரும்ப வந்துடும்" என்று சொல்லி இறக்கிவிட்டு, அடுத்த மாடி. ஒரு வண்டி, சுமை தூக்க இரண்டு பேர், ஒரு ஏணி. ஏணியும் ஒன்றுதான் என்பதை நீங்கள் மனதில் வைத்துக்கொண்டால் மற்றதெல்லாம் தானாகப் புரியும்.

இதில் யாருக்கு என்ன கெட்டுப்போயிற்று, சொல்லுங்கள். வீட்டுக்காரர்களுக்குப் பேனலைவிடப் படத்தின் மேல்தான் ஆசை. சிலர் அதைச் சட்டம் போட்டுக் கூடத்தில் மாட்டியிருந்தார்கள். ரயில்வேயில் டிக்கெட் பரிசோதகராக இருந்தவரின் சம்பந்தியும் அப்படி மாட்டிய ஆசாமிதான். மகளைக் கொடுத்த வீட்டில் சூரிய மின்சாரம் வரப்போகிறது, நம் வீட்டில் இல்லையே என்று பரிசோதகருக்குத் தூக்கமே போய்விட்டது. வேலையிலிருந்து ஓய்வு பெற்றுப் பல வருஷம் ஆகியும் எதிரில் வருகிறவர்களை டிக்கெட் கேட்பது போலவே பார்ப்பார். என்னைத் தேடி வந்து, வேண்டாம் என்றாலும் டீ வாங்கிக் கொடுத்து, சம்பந்தி வீட்டைவிட ஒரு பேனலாவது கூடுதலாக வேண்டும் என்று கேட்டுக்கொண்டார். செய்துவிடலாம் ஐயா என்றேன்.

அவர் வீடு இரண்டு தளம். கீழே அவரும் மனைவியும். மேல்தளம் மகள் வந்தால் தங்குவதற்கு, எப்போதும் பூட்டியே கிடக்கும். வெளிப்படி மேல்தளத்து வாசலோடு நின்றுவிடும், ஏனென்றால் அந்தக் கட்டத்தில் அவர் கொத்தனாரோடு சண்டை போட்டுக்கொண்டார். அதற்கு மேலே மொட்டை மாடிக்குப் போக ஏணிதான். பக்கத்தில் லேத் பட்டறை, இரும்பைக் கடைந்துகொண்டே இருக்கும். அவர் மனைவி துணி தைப்பவர், மோட்டார் வைத்த தையல் மெஷின். அந்த வீட்டில் யார் என்ன கத்தினாலும் யார் காதிலும் விழாது என்று அவரே அலுத்துக்கொள்வார்.

அன்று காலை பரிசோதகர் இஸ்திரி போட்ட முழுக்கைச் சட்டையும் முகத்தில் பவுடருமாக ஏணியில் ஏறினார். முட்டி தேய்ந்தவர், நான்தான் கைகொடுத்துத் தூக்கிவிட்டேன். எண் வருவதற்காகப் போனை என்னிடம் கொடுத்தார். பேனல் அருகே நிற்கச் சொன்னேன். படத்தைத் தட்டுகிற நேரம் பார்த்துக் குனிந்து, ஒரு மூலையை விரலால் தொட்டார்.

"இது எங்க சம்பந்தி வீட்டுப் பேனல் இல்ல?"

எல்லாப் பேனலும் ஒரே மாதிரிதான் இருக்கும் என்றேன்.

"மூலை மடங்கியிருக்கு தம்பி. அன்னிக்கு அவர் வீட்டுல ஏத்தும்போது நான் பிடிச்சிருந்த மூலைதானே சுவத்துல இடிச்சு மடங்குச்சு. எனக்குத் தெரியாதா?"

கோபப்பட்டிருந்தால் சமாளித்திருப்பேன். அவர் சிரித்தார். அந்த மூலையைச் சுட்டிக்காட்டி, வயிற்றைப் பிடித்துக்கொண்டு, கண்ணில் தண்ணீர் வரச் சிரித்தார். அந்த நேரத்தில் படத்தைத் தட்டிவிட்டேன். புகார் கொடுப்பீர்களா என்று மெதுவாகக் கேட்டேன்.

"ஆபீசுக்கெல்லாம் யாரு போறா? நேரா சம்பந்தி வீட்டுக்குத்தான். படத்தை மாட்டி வச்சிருக்காரே, அதுக்கு அடியில நின்னு சொல்லணும். அவர் மூஞ்சிய நான் பாக்கணும்."

ஆபீசுக்குப் போயிருந்தால் எனக்குக் கவலையில்லை. அங்கே புகாரைப் பிரிப்பதற்குள் என் பேரன் வேலைக்குப் போயிருப்பான். ஆனால் சம்பந்தியின் வாய் அப்படியில்லை. பொழுது சாய்வதற்குள் ஊர் முழுக்க மாடியைப் பார்த்துச் சிரித்திருக்கும்.

ஆட்களைக் கூப்பிட்டுப் பேனல்களை இறக்கச் சொன்னேன். அவர்கள் வண்டியோடு தெருக்கோடி வீட்டுக்குப் போனார்கள். பரிசோதகர் சம்பந்தியிடம் சொல்லப்போகிற வசனத்தைத் தனக்குத்தானே சொல்லிப் பார்த்துக்கொண்டிருந்தார். நான் முதலில் இறங்கி ஏணியைப் பிடித்துக்கொள்கிறேன் ஐயா என்றேன். சரி என்றார். இறங்கினேன். பிடித்தும் கொண்டேன். பிறகு தோளில் வைத்துக்கொண்டு நடந்தேன்.

கோபத்தில் செய்ததாக எழுதிவிடாதீர்கள். மனிதர் கொஞ்சம் ஆறட்டும் என்றுதான் நினைத்தேன். அடுத்த வீட்டில் ஏணி இல்லாமல் ஆட்கள் கைகட்டி நின்றுகொண்டிருந்தார்கள் என்பதும் உண்மை. ஒரு தவறை மட்டும் ஒப்புக்கொள்கிறேன். பேனல்களை அங்கேயே விட்டிருந்தால், அவற்றின் அடியில் அவருக்குக் கொஞ்சம் நிழலாவது இருந்திருக்கும்.

தெருக்கோடி வீட்டு மாடியிலிருந்து பார்த்தால் அவர் மாடி தெரியும். அவர் கையை ஆட்டிக்கொண்டிருந்தார். ஆட்களில் ஒருவன் கவனித்துவிட்டு என்னைப் பார்த்தான். மகளோடு வீடியோவில் பேசுகிறார் என்றேன். அவருடைய போன், சத்தம் அணைத்து, என் சட்டைப்பையில் இருந்தது. அந்த ஆட்கள் உங்களிடம் சொன்னதெல்லாம் சரி, அவர்களைத் தொந்தரவு செய்ய வேண்டாம்.

மதியம் அவர் மனைவி நான் வேலை செய்த இடத்துக்கே வந்தார். கழுத்தில் அளவு நாடா அப்படியே தொங்கியது.

"தம்பி, அவர எங்கயாவது பாத்தீங்களா? போன் அடிச்சாலும் எடுக்கல. சாப்பாடு ஆறுது."

"படம் எடுத்ததுமே கிளம்பிட்டாரு அக்கா. சம்பந்தி வீட்டுக்குப் போறேன்னாரு. உங்ககிட்ட சொல்லலையா?"

"பாருங்க, ஒரு வார்த்தை சொல்லிட்டுப் போகமாட்டாரு. சுகர் மாத்திரை வேற போடல."

திரும்பிப் போய்த் தையல் மெஷினில் உட்கார்ந்துகொண்டார். அவருக்கு நேர் மேலே, ஒரு பூட்டிய வீட்டைத் தாண்டி, புருஷன் இருந்தார். அந்த அம்மாவை நினைத்தால் எனக்கு வருத்தமாகத்தான் இருக்கிறது. அந்த அம்மா தெருவில் திரும்பிப் போனபோது வழியில் ஒரு செருப்பு கிடந்தது. மேலேயிருந்து பரிசோதகர் எறிந்திருப்பார் போலிருக்கிறது. யாராவது தடுக்கி விழப்போகிறார்களே என்று பிறகு நான் போய் எடுத்து வண்டியில் வைத்தேன்.

பொழுது சாய்கிற நேரம் ஏணியோடு திரும்பப் போனேன். அந்த அம்மா அவரைத் தேடிச் சம்பந்தி வீட்டுக்குப் போயிருந்தார். நான் போனது இறக்கிவிடத்தான், அதைச் சந்தேகப்படாதீர்கள். போகிற போக்கில் விண்ணப்பத்தையும் முடித்துவிடலாம் என்று இருந்தேன். பரிசோதகர் மாடியின் ஓரத்தில் ஒருக்களித்துப் படுத்திருந்தார். எண் வந்திருந்தது, ஆனால் போன் அவர் விரல் பட்டால்தான் திறக்கும். கட்டைவிரலை எடுத்து வைத்தேன். விரல் நன்றாகச் சூடாக இருந்தது. அதனால் தூங்குகிறார் என்று எடுத்துக்கொண்டேன், தூங்குகிறவரை எழுப்புவது மரியாதையில்லை. போனை அவர் சட்டைப்பையிலும் செருப்பைக் காலடியிலும் வைத்தேன். அடுத்தவர் பொருளை நான் வைத்துக்கொள்வதில்லை. ஏணி கம்பெனியுடையது, அதனால் எடுத்து வந்துவிட்டேன்.

ஊரே அவரைத் தேடியது. ரயில் நிலையம், ஆஸ்பத்திரி, குளக்கரை. வழியே இல்லாத மாடியில் போய்த் தேட யாருக்கும் தோன்றவில்லை. அதற்குள் விண்ணப்பம், ஒரு கேள்விகூட இல்லாமல், அனுமதியாகி வந்துவிட்டது. பேனலைச் சுட்டிக்காட்டிச் சிரிக்கிற அந்தப் படம் மேலதிகாரிகளுக்குப் பிடித்துப்போய், பயனாளி ஆர்வத்தோடு விளக்குகிறார் என்று ஆபீஸ் வாசலில் பெரிதாக வைத்தார்கள். அவர் அதைப் பார்த்திருந்தால் சம்பந்தியைக் கையோடு இழுத்து வந்து காட்டியிருப்பார்.

பிறகு லேத்காரர் தன் பட்டறையின் உயரமான கூரையில் தகரம் மாற்ற ஏறி, அவர் மாடியை எட்டிப் பார்த்துவிட்டார். ஏணி இல்லாமல் முட்டி தேய்ந்த மனிதர் எப்படி மேலே போனார் என்று அவர்தான் முதலில் கேட்டவர். நியாயமான கேள்வி. எனக்கே தோன்றியிருக்க வேண்டும்.

லேத் சத்தத்தில் பரிசோதகர் கூப்பிட்டது எனக்குக் கேட்கவில்லை என்று முதலில் சொல்லியிருந்தேன். அன்று மதியம் பட்டறையில் மட்டும் மின்சாரம் போய் லேத் நின்றுவிட்டது, சாப்பிடப் போய்விட்டேன் என்று லேத்காரர் எழுதிக் கொடுத்திருப்பதாகச் சொல்கிறீர்கள். அப்படியானால் மாற்றிக்கொள்ளுங்கள். கேட்டது. தம்பி என்று கூப்பிட்டார். தண்ணீர் கேட்டார். கடைசியாக, சம்பந்தியிடம் சொல்லமாட்டேன், சத்தியமாகச் சொல்லமாட்டேன் என்றார். ஒவ்வொரு வார்த்தையும் தெளிவாகக் கேட்டது. ஆனால் நான் அப்போது மாடி விளிம்பில் நின்று வேலை பார்த்துக்கொண்டிருந்தேன். உயரத்தில் நிற்கிறவன் யார் கூப்பிட்டாலும் கவனத்தைச் சிதறவிடக் கூடாது, இல்லாவிட்டால் யாருக்காவது ஏதாவது ஆகிவிடும்.