ஆறுல ஒரு பங்கு டீசல்

யார் யாரெல்லாம் பேச்சுவார்த்தை இல்லாம இருக்கீங்கன்னு, நீங்க சர்ச்ல உக்காந்திருக்கிற லட்சணத்துலயே தெரியுது. அண்ணன் இந்த ஓரம், தம்பி அந்த ஓரம்... சரி, அது கிடக்கட்டும். கதை ஒண்ணு சொல்றேன், சின்னதுதான்.

கஸ்பார்னு ஒருத்தன். அப்பாகூட சண்டை போட்டுப் பேச்சை விட்டு வருஷக்கணக்காச்சு. ஒரு நாள், அக்கா புருஷன் வியாகுலத்தோட போட்ல நடுக்கடல்ல இருக்கான். வயர்லெஸ்ல சேதி வருது. அப்பாவுக்கு ரொம்ப முடியல, ஆஸ்பத்திரியில சேர்த்திருக்கு, கஸ்பார் வந்துட்டானான்னே கேட்டுக்கிட்டிருக்காரு.

அவ்வளவுதான்... இவனுக்கு இருப்புக்கொள்ளல. நிக்கிறான், உக்கார்றான், வலையை அள்ளிப் போட்டுட்டு போட்டை ஊர்ப்பக்கம் திருப்புறான்.

டேங்க்ல டீசல் இருக்கணுமே? முழு டேங்க்கோடதான் கிளம்புனாங்க. நேத்து பாதி டேங்க் போச்சு. இன்னைக்கு மீனைத் துரத்துனதுல முழு டேங்க்ல மூணுல ஒரு பங்கு போச்சு. போனதெல்லாம் மைனஸ், இல்லையா? மைனஸ் ரெண்டுல ஒண்ணு, மைனஸ் மூணுல ஒண்ணு. வழக்கமா பக்கத்துத் துறையில டீசல் போட்டுட்டுத்தான் ஊருக்குத் திரும்புவாங்க. வியாகுலம் அதைத்தான் சொன்னாரு. அங்கேயே இறங்கி பஸ்ல போயிருன்னாரு.

இவன் கேக்கணுமே! "அங்க வரிசையில நிக்க எனக்கு நேரமில்ல மச்சான். மேல ஒண்ணும் ஒண்ணும் ரெண்டு. கீழ ரெண்டும் மூணும் அஞ்சு. அஞ்சுல ரெண்டுதான் போயிருக்கு. மிச்சம் அஞ்சுல மூணு. ஊருக்குப் போக பாதி போதும்."

"டேங்க்ல குச்சி விட்டு ஒரு தடவை அளந்து பார்த்துருவோம் மாப்ள."

"எஞ்சினை நிறுத்தாதீங்க."

கணக்கு சரியா?... ஏன்யா தலையாட்டுறீங்க? நேத்தே பாதி போச்சு. இன்னைக்கும் போச்சு. ரெண்டும் சேர்ந்தா பாதிக்கு மேலதானே போயிருக்கணும்? அஞ்சுல ரெண்டுன்னா பாதிக்கும் கம்மியாச்சே! முதல்ல ரெண்டையும் ஒரே பங்காக்கணும். ஆறு பங்கா வை. பாதின்னா மூணு பங்கு. மூணுல ஒண்ணுன்னா ரெண்டு பங்கு. ஆகமொத்தம் மைனஸ் ஆறுல அஞ்சு. முழு டேங்க்ல அதைக் கழிச்சா மிச்சம்... ஆறுல ஒண்ணு. பக்கத்துத் துறைக்கு அது தாராளம். ஊருக்கு?

வழியிலேயே எஞ்சின் நின்னுச்சு. வேற போட் வந்து கயிறு கட்டி இழுத்துட்டு வந்துச்சு. ஈரக் கைலியோட ஆஸ்பத்திரிக்கு ஓடுனான். அப்பா படுத்திருந்த கட்டில் காலி. நர்ஸ் விரிப்பை மாத்திக்கிட்டிருந்தாங்க.

அவனுக்குக் கணக்கு தெரியாதுன்னா நினைக்கிறீங்க? எட்டாவதுல பாஸ் பண்ணவன்தான். அவசரத்துல இருக்கிறவன், தனக்கு எந்த விடை வேணுமோ அந்த விடைதான் வர்ற மாதிரி கூட்டுவான். நீங்களும் அப்படித்தான் கூட்டுறீங்க.

அண்ணன்காரரே, உங்களைத்தான் சொல்றேன்... ஆயுசுல பாதி, பாடுபட்டதுலயே போச்சு. மூணுல ஒரு பங்கு வீம்புல போச்சு. இன்னும் நிறைய இருக்கு, அப்புறம் பேசிக்கலாம்னு இருக்கீங்க. எங்கய்யா இருக்கு நிறைய? எந்திரிங்க. அந்த ஓரத்துல உக்காந்திருக்கானே உங்க தம்பி, அவன் பக்கத்துல போய் உக்காருங்க. பிரசங்கத்தை அப்புறம் வச்சுக்கலாம்.